வந்தால், வந்தால்தான்

அட்டவணையில் மூன்றாவது வரிசைக்கு வந்ததும்தான் ஒவ்வொரு வருடமும் வகுப்பு என்னோடு சண்டைக்கு நிற்கும். முதல் இரண்டு வரிசைகளில் யாருக்கும் தகராறு இல்லை. ‘மழை பெய்தால் குடை தருவேன்’ என்று பலகையில் எழுதிவிட்டு, அதன் கீழே மெய்மை அட்டவணைக்குக் கோடு போடுவேன். மழை பெய்தது, குடை தந்தேன்: வாக்கியம் மெய். மழை பெய்தது, குடை தரவில்லை: வாக்கியம் பொய். அதுவரை தலையாட்டிக்கொண்டே எழுதுவார்கள். மழை பெய்யவில்லை, ஆனாலும் குடை தந்தேன் என்று மூன்றாவது வரிசையை எழுதி, அதற்கும் ‘மெய்’ என்று போட்டதும் கடைசி பெஞ்சில் முணுமுணுப்பு கிளம்பும். மழையும் இல்லை, குடையும் இல்லை என்ற நான்காவது வரிசைக்கும் ‘மெய்’ போட்டால் ஒருவன் எழுந்தே நின்றுவிடுவான்.

“மழையே பெய்யலியே சார். பொறவு எப்படி நெசம்னு சொல்லுதீங்க?”

“ஏலே, நான் பொய் சொன்னேனா? மழை பெஞ்சா என்ன செய்வேன்னுதான் சொன்னேன். பெய்யாட்டி என்ன செய்வேன்னு வாயைத் திறந்தேனா?”

நம் ஊர்க் காதுக்கு ஒரு பழக்கம் உண்டு. ‘பெய்தால்’ என்று சொன்னால் ‘பெய்தால்தான்’ என்று கேட்டுக்கொள்ளும். சொல்லாத ‘தான்’ ஒன்றைத் தானாகச் சேர்த்துக்கொண்டு, பிறகு சொன்னவன் பொய்யன் என்று பாயும். எனக்கு முன்கோபம் அதிகம். “சொல்லாத சொல்லைச் சேர்க்கிறவன் கணக்குப் படிக்க லாயக்கில்லாதவன்” என்று கத்துவேன். அந்த வசவு சுற்றி வந்து எங்கே விழுந்தது என்பதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

எங்கள் வீடு அம்பாசமுத்திரத்தில். நான் தினமும் காலை ரயிலில் திருநெல்வேலிக்குப் போய் ஒரு கல்லூரியில் கணிதம் நடத்துகிறேன். மனைவி எதிர்த் திசையில் பஸ் ஏறி ஆழ்வார்குறிச்சிக்குப் போவாள். அங்கே ஒரு பள்ளிக்கூடத்தில் தமிழாசிரியை. எங்களுக்கு ஒரே மகள்.

இந்த மூன்றாவது வரிசை விவகாரம் மகளுக்கு ஆறாம் வகுப்பிலேயே பிடிபட்டுவிட்டது. காரணம் ஒரு சைக்கிள். அரைப்பரீட்சையில் கணக்கில் நூறு எடுத்தால் சைக்கிள் வாங்கித் தருவேன் என்று சொல்லியிருந்தேன். நூறு வரவில்லை. முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு திரிந்தாள். எனக்கே பொறுக்காமல் வாங்கிக்கொண்டுவந்து வாசலில் நிறுத்தினேன். சுற்றிச் சுற்றி வந்தாள், மணியை அடித்துப் பார்த்தாள், பிறகு என்னை ஒரு மாதிரி பார்த்தாள்.

“அப்போ நீங்க சொன்னது பொய்தானப்பா?”

“எப்படிப் பொய்? நூறு எடுத்தாத்தான் வாங்கித் தருவேன்னா சொன்னேன்? எடுத்தா வாங்கித் தருவேன்னு சொன்னேன். எடுக்காட்டியும் வாங்கித் தரலாம், தராமலும் இருக்கலாம். ரெண்டுலயும் நான் பொய்யன் இல்ல.”

மணியின் மேல் கையை வைத்தபடியே கொஞ்ச நேரம் யோசித்தாள். அதற்குப் பிறகு அவளிடம் யாரும் சும்மா ஒரு வாக்குக் கொடுத்துவிட முடியாது. வீட்டுப்பாடம் முடித்தால் டிவி பார்க்கலாம் என்று அம்மா சொன்னால், “முடிச்சாவா, முடிச்சாத்தானா?” என்று நிற்பாள். கடைக்காரரிடமும் அப்படித்தான். “வீட்டுல ஒரு வாத்தியார் லோலு பத்தாதுன்னு இன்னொண்ணு” என்று என் மனைவி தலையில் அடித்துக்கொள்வாள். ஆனால் உள்ளுக்குள் அவளுக்குப் பெருமைதான். ‘தான்’ என்ற இடைச்சொல்லைப் பத்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்கே நாலு முறை நடத்த வேண்டியிருக்கிறது, இவள் தானாகவே பிடித்துக்கொண்டாள் என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொள்வாளாம்.

மனைவியின் முடியைப் பற்றியும் சொல்ல வேண்டும். இடுப்புக்குக் கீழே தொங்கும் பின்னல். கைக்குழந்தையாக இருந்தபோதே மகள் அதைப் பிடித்துக்கொண்டுதான் தூங்குவாள். பெரியவளான பிறகும் அது விடவில்லை. பின்னலின் நுனியை மணிக்கட்டில் ஒரு சுற்றுச் சுற்றிக்கொண்டு படுப்பாள். காலையில் மனைவி எழுந்திருக்க வேண்டுமானால் அந்தச் சுற்றைப் பைய அவிழ்த்தாக வேண்டும். தூக்கத்திலேயே மகள் விரலை மடக்கிக்கொள்வாள். மனைவிக்குச் சமையலுக்கு நேரமாகும். “விடுட்டி, பஸ்ஸு போயிரும்” என்பாள், ஆனால் இழுக்க மாட்டாள்.

அவள் ஏழாம் வகுப்புப் படிக்கும்போது, ஐப்பசி மழை ஓய்கிற சமயத்தில் காய்ச்சல் வந்தது. முதலில் எல்லோருக்கும் வருகிற காய்ச்சல் என்றுதான் நினைத்தோம். அம்பாசமுத்திரத்திலேயே பார்த்தோம், விட்டது, மறுபடி வந்தது. பேச்சுக் குழற ஆரம்பித்ததும் திருநெல்வேலிக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தோம். மூளையைத் தொட்டுவிட்டது என்றார்கள். யாரையும் குறை சொல்வதற்கில்லை. டாக்டர்களும் நர்சுகளும் தங்கள் வீட்டுப் பிள்ளையைப் போலத்தான் பார்த்தார்கள்.

நினைவு தப்புவதற்கு முந்தைய சாயங்காலம் நான் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். “எப்பம்பா வீட்டுக்குப் போவோம்?” என்று கேட்டாள்.

“காய்ச்சல் விட்டா போயிரலாம் தங்கம்.”

கண்ணை மூடிக்கொண்டே கேட்டாள். நாக்குத் தடித்திருந்ததால் குனிந்துதான் கேட்க வேண்டியிருந்தது.

“விட்டாவா, விட்டாத்தானா?”

“விட்டா” என்றேன்.

சிரித்த மாதிரி இருந்தது. அவள் என்னிடம் கடைசியாகக் கேட்ட கேள்வி அதுதான்.

மறுநாள் அவளைத் தீவிர சிகிச்சை அறைக்குள் கொண்டுபோய்விட்டார்கள். நாங்கள் வெளியே நின்றோம். லிப்டுக்குப் பக்கத்துச் சுவரில் ஓர் அம்மன் படம் மாட்டியிருந்தது. என் மனைவி அதன் முன்னால் போய் நின்றாள். கொண்டையை அவிழ்த்துப் பின்னலை முன்னால் எடுத்துப் போட்டு இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

“எம்பிள்ள வீட்டுக்கு வந்துட்டா, என் முடிய உனக்கே தாரேன் தாயே.”

நான் இரண்டடி தள்ளி நின்றேன். எனக்குக் கோயில் குளத்தில் பெரிய பிடிப்பு கிடையாது. அன்றைக்கு அதெல்லாம் தோன்றவில்லை. நானும் கையைக் கூப்பினேன். அந்த வாக்கியத்தில் எந்தக் குறையும் எனக்குத் தெரியவில்லை.

சில நாள் கழித்துப் பெரிய டாக்டர் எங்களைத் தன் அறைக்குக் கூப்பிட்டார். தண்ணீர் கொடுக்கச் சொன்னார். பிறகு, “வீட்டுக்குக் கூட்டிட்டுப் போங்க” என்றார். நம் ஊரில் டாக்டர் அந்த வார்த்தையை இரண்டு சமயங்களில்தான் சொல்வார். எந்தச் சமயம் என்பதை வார்த்தையில் தேட வேண்டியதில்லை, முகத்திலேயே இருக்கும்.

ஆம்புலன்ஸில் சேரன்மகாதேவி வழியாக வந்தோம். வழியெல்லாம் வயலில் நடவு நடந்துகொண்டிருந்தது. மகளின் நெற்றி அனலாகக் கொதித்தது. காய்ச்சல் விடவில்லை, வீட்டுக்குப் போகிறோம். மூன்றாவது வரிசை. நான் அவளிடம் சொன்ன வாக்கியம் மெய்யாகவே இருந்தது. அந்த நேரத்தில் அப்படி ஒரு நினைப்பு வந்ததற்காக என்னை நானே அறைந்துகொள்ளலாம் போல இருந்தது. வண்டி எங்கள் வாசலில் நின்று, ஸ்ட்ரெச்சரை இறக்கி முன்னறைக் கட்டிலில் கிடத்தினார்கள். மனைவி அவள் கையை எடுத்துத் தன் பின்னல் நுனியை அந்த மணிக்கட்டில் சுற்றினாள். விரல் மடங்கவில்லை. இவளே மடக்கிவிட்டாள்.

“வந்துட்டா” என்று மெதுவாகச் சொன்னாள். யாரிடம் சொன்னாள் என்று அப்போது எனக்கு விளங்கவில்லை.

மறுநாள் மத்தியானம் மகள் போய்விட்டாள்.

காரியமெல்லாம் முடிந்து, வந்தவர்கள் அவரவர் ஊருக்குப் போனார்கள். நாங்கள் இருவரும் வேலைக்குப் போகத் தொடங்கினோம். வீட்டில் பேச்சு குறைந்துபோயிற்று. சைக்கிளை நான் பின்பக்கம் கொண்டுபோய்ச் சாக்குப் போட்டு மூடினேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை மனைவி தோசைக்கு மாவு கரைத்துக்கொண்டே, “கோயிலுக்குப் போய் முடி எறக்கணும்” என்றாள்.

எனக்கு எங்கிருந்து அவ்வளவு கோபம் வந்தது என்று தெரியவில்லை. தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தேன்.

“எதுக்கு? அந்த அம்மன் என்னத்தக் கொடுத்துட்டான்னு நீ கொடுக்கப் போற?”

“கேட்டதக் கொடுத்தா. வீட்டுக்கு வந்துட்டா முடி தாரேன்னேன். வந்தா.”

“இப்படி வரணும்னா கேட்ட?”

“எப்படின்னு நான் சொல்லலியே.”

அவள் சொன்னது சரி. அந்த வாக்கியத்தில் ‘பிழைத்து’ என்ற சொல் இல்லை. அது ஏன் இல்லை என்று நம் ஊரில் வளர்ந்தவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. எங்கள் வீட்டில் விளக்கை ‘அணை’ என்று யாரும் சொன்னதில்லை, ‘அமர்த்து’ என்போம். அரிசி தீர்ந்துபோனால் ‘நிறைஞ்சிருக்கு’ என்போம். வெளியே கிளம்பினால் ‘வாரேன்’ என்போமே தவிர ‘போறேன்’ என்று சொல்ல மாட்டோம். கெட்டது வாயில் வரக்கூடாது. பிழைத்தால் என்று சொன்னால் பிழைக்காமலும் போகலாம் என்று அதற்குள் இருக்கிறது. பெற்றவள் அதை எப்படிச் சொல்வாள்? இதற்கு மங்கல வழக்கு என்று பெயர். வருடா வருடம் அவள் வகுப்பில் நடத்துகிற பாடம்.

நான் விடவில்லை. தினசரி காலண்டரில் கிழித்த தாளின் பின்பக்கத்தில் கோடு போட்டேன். ‘அ’ என்றால் வீட்டுக்கு வந்தாள். ‘ஆ’ என்றால் பிழைத்தாள். ‘இ’ என்றால் முடி தருவேன். நீ நினைத்தது ‘அ’வும் ‘ஆ’வும் நடந்தால் ‘இ’ என்றுதான் என்று சொல்லி, எட்டு வரிசைகளையும் எழுதினேன். ‘அ’ மெய், ‘ஆ’ பொய். இரண்டும் சேர்ந்த நிபந்தனை பொய். நிபந்தனை பொய்யானால் ‘இ’ மெய்யாக இருந்தால் என்ன, பொய்யாக இருந்தால் என்ன, மொத்த வாக்கியம் மெய்தான். அந்த இரண்டு வரிசைகளையும் வட்டமிட்டுக் காட்டினேன்.

“பாரு. நீ கொடுக்கலேன்னாலும் வாக்கு தவறினவ இல்ல. உனக்கும் அந்த அம்மனுக்கும் ஒரு பாத்தியதையும் இல்ல.”

அவள் தாளை வாங்கி நிதானமாகப் பார்த்தாள். பரீட்சைத் தாள் திருத்துகிற சிவப்புப் பேனா அலமாரியில் இருந்தது. எடுத்துவந்து, ‘ஆ’ என்ற பத்தியை மேலிருந்து கீழ் வரை ஒரே கோடாக அடித்தாள்.

“இது நான் சொல்லாதது. நீங்க சேத்தது.”

எட்டு வரிசை நாலாகச் சுருங்கிவிட்டது. “இப்ப நான் எந்த வரிசையில நிக்கேன்னு சொல்லுங்க” என்றாள். வந்தாள், முடி தரவில்லை. இரண்டாவது வரிசை. அட்டவணையிலேயே பொய் என்று எழுதியிருக்கிற ஒரே வரிசை அதுதான். செருப்பை மாட்டிக்கொண்டு ஆற்றுப் பாலம் வரைக்கும் நடந்துபோய்விட்டு வந்தேன்.

என் கோபத்துக்குக் காரணம் தர்க்கம் இல்லை. எனக்கு அந்த அம்மன் பொய்த்துப்போக வேண்டும். கேட்டதைக் கொடுக்காதவள் என்று ஒரு கணக்கு அவள்மேல் என்றைக்கும் தீராமல் நிற்க வேண்டும். இவள் முடியைக் கொடுத்துவிட்டால், கேட்டதும் கிடைத்தது, சொன்னதும் செய்தாயிற்று, எல்லாம் நேராகிவிட்டது என்று ஆகிவிடுமே. அதை என்னால் தாங்க முடியவில்லை. இன்னொன்றும் உண்டு. அந்தப் பின்னலின் நுனி மகளின் கை பட்டுப் பட்டு மெலிந்திருந்தது. மகள் பிடித்துக்கொண்டிருந்த பொருள் என்று வீட்டில் மிச்சமிருந்தது அது ஒன்றுதான். அதை ஒரு பிளேடுக்குக் கொடுப்பதா?

இவள் முடி இறக்கப் போகிறாள் என்று கேட்டு என் அக்கா ஏரலிலிருந்து வந்தாள். வந்தவள் ஒரு நாள் முழுக்க இவளோடு உட்கார்ந்து அழுதாள். பிறகு மெல்லப் பேச்சை எடுத்தாள்.

“பொம்பள மொட்டையடிச்சிட்டு எப்படிம்மா பள்ளிக்கூடத்துக்குப் போவ? பாக்குதவங்க என்ன ஏதுன்னு கேப்பாங்க. ஒவ்வொருத்தருக்கும் பதில் சொல்லணும். பூமுடி கொடுத்துருவோம். நுனியில ஒரு சாண் கத்தரிச்சாப் போதும். சாமி ஏத்துக்கிடும்.”

“முடின்னு சொன்னேன் மைனி. பூமுடின்னு சொல்லல.”

அக்கா என்னைப் பார்த்தாள். “ஏலே, நீயாவது எடுத்துச் சொல்லேன்.”

நான் சொல்லி முடித்தாயிற்று என்பதை அக்காவிடம் எப்படி விளக்குவது? நுனியில் ஒரு சாண் என்றதும் இவள் பின்னலை மடியில் எடுத்து வைத்துக்கொண்டதை நான் பார்த்தேன். கொடுப்பதில் அவளுக்கும் வலி இல்லாமல் இல்லை. அது தெரிந்ததும் எனக்கு இன்னும் மோசமாக இருந்தது.

தை பிறந்து கல்லூரி திறந்ததும் மறுபடி அந்தப் பாடம் வந்தது. அந்த வருடம் மூன்றாவது வரிசையில் நான் யாரையும் திட்டவில்லை. கூட்டு நிபந்தனைகளுக்கு வந்தபோது, ‘அ என்றால் இ’ என்பதற்கும் ‘அ, ஆ இரண்டும் என்றால் இ’ என்பதற்கும் அடுத்தடுத்து அட்டவணை போட்டு வித்தியாசம் காட்டச் சொன்னாள் ஒரு மாணவி. போட்டேன். கை தானாக எழுதியது. எழுதி முடித்துவிட்டுப் பின்னால் தள்ளி நின்று பார்த்தேன்.

இரண்டும் வேறுபடுகிற இடம் ஒரே ஒரு வரிசை. வந்தாள், பிழைக்கவில்லை, முடி தரவில்லை. என் அட்டவணையில் அது மெய், அவள் அட்டவணையில் அது பொய். ‘இ’ மெய்யாக இருக்கிற வரிசைகளிலோ எந்தச் சண்டையும் இல்லை. இரண்டிலும் மேலிருந்து கீழ் வரை மெய்தான். இது புதிதாகக் கண்டுபிடித்த விஷயம் இல்லை, வருடா வருடம் என் கையால் எழுதியதுதான். நான் சொல்வது சரியாக இருந்தாலும், அவள் சொல்வது சரியாக இருந்தாலும், முடியைக் கொடுத்துவிட்டால் அவள் வாக்கு பொய்யாகாது. கொடுக்காவிட்டால், நான் சொல்வதை நம்பினால் மட்டுமே அவளுக்கு விடுதலை. ராத்திரியெல்லாம் விழித்துக் கிடக்கிறவளிடம் போய் என்னை நம்பு என்று நான் கேட்டுக்கொண்டிருந்தேன்.

“சார், இதுல எது சரி?” என்று அந்தப் பெண் கேட்டாள்.

“சொன்னவங்க என்ன சொன்னாங்களோ அதும்மா” என்றேன். பலகையை அழிக்காமலேயே வெளியே வந்துவிட்டேன்.

அன்றைக்கு வீட்டுக்கு வந்ததும், “எப்பம் போவோம்?” என்று கேட்டேன். எங்கே என்று அவள் கேட்கவில்லை. “வெள்ளிக்கிழம” என்றாள். பிறகு எனக்குக் காப்பி போட்டுத் தந்தாள். வெகு நாளைக்குப் பிறகு என் பக்கத்தில் உட்கார்ந்து தானும் குடித்தாள்.

பாபநாசத்துக்குப் போகிற வழியில் ஆற்றங்கரையில் இருந்தது, அந்த ஆஸ்பத்திரிப் படத்து அம்மனின் கோயில். அணையிலிருந்து தண்ணீர் திறந்துவிட்டிருந்ததால் ஆறு படித்துறையின் மேல்படி வரைக்கும் ஓடிக்கொண்டிருந்தது. முடி இறக்குகிற கொட்டகையில் கூட்டம் இல்லை. எங்களுக்கு முன்னால் ஒரு கைக்குழந்தைக்கு முதல் மொட்டை. அது வீறிட்டு அழ, சுற்றி நின்றவர்கள் சிரித்துக்கொண்டிருந்தார்கள். என் மனைவி அந்தக் குழந்தையையே பார்த்துக்கொண்டிருந்தாள். முறை வந்ததும் போய் மணையில் உட்கார்ந்தாள்.

முடி இறக்குகிறவருக்கு அறுபது வயதிருக்கும். பின்னலைக் கையில் எடுத்துத் தூக்கிப் பார்த்தார். “நல்ல முடி” என்றார். அவிழ்த்துத் தண்ணீர் தெளித்து, நடுவே வகிடு எடுத்து, இரண்டு பக்கமும் முடிச்சாகப் போட்டார். புது பிளேடை மாட்டிக்கொண்டே, வழக்கமாக எல்லோரிடமும் கேட்கிற மாதிரி பேச்சுக் கொடுத்தார்.

“யாருக்கும்மா நேந்துகிட்டது?”

“மகளுக்கு அண்ணாச்சி. ஆஸ்பத்திரியில கெடந்தா. வீட்டுக்கு வந்துட்டா முடி தாரேன்னு நேந்தேன்.”

“வந்துட்டாளா?”

“வந்துட்டா.”

“நல்லா இருக்கட்டும்” என்றார். பிளேடு நடு உச்சியில் இறங்கியது. நான் ஆற்றைப் பார்த்துத் திரும்பிக்கொள்ளலாம் என்று நினைத்தேன், முடியவில்லை. வலது பக்க முடிச்சு முதலில் விழுந்தது. அவள் தலையை அசைக்காமல் குனிந்திருந்தாள். கண்ணீர் நேராக மடியில் விழுந்துகொண்டிருந்தது. அவர் அதைத் தண்ணீர் தெளித்த ஈரம் என்று எடுத்துக்கொண்டார் போலிருக்கிறது, துண்டின் ஓரத்தால் அவள் நெற்றியைத் துடைத்துவிட்டார். மறு முடிச்சும் விழுந்தது. அப்படி ஒரு சின்னத் தலையா அவளுக்கு என்று எனக்கு இருந்தது. மகளின் தலை அச்சு அசலாக அப்படித்தான் இருக்கும்.

சந்தனத்தைக் குழைத்துத் தடவிக்கொண்டே அவர் கேட்டார். “பிள்ளையக் கூட்டிட்டு வரலியா?”

அவள் மடியில் விழுந்திருந்த முடித் துணுக்குகளைத் தட்டிவிட்டாள்.

“வரலண்ணாச்சி.”

“அதனால என்ன. அடுத்த வாட்டி வரும்போது அவளையும் கூட்டிட்டு வாங்க. அவ வந்து கும்பிட்டாத்தானே ஆத்தாளுக்குச் சந்தோசம்.”

மனைவி நிமிர்ந்து அவரைப் பார்த்தாள். பொய் சொல்லத் தெரியாதவள் என்ன சொல்லப் போகிறாள் என்று நான் ஓரடி முன்னால் நகர்ந்தேன். அந்த நல்ல மனுஷனிடம் நடந்ததைச் சொல்லி அவரைக் கலங்க வைப்பாளோ என்று நினைத்தேன்.

“வந்தா கூட்டிட்டு வாரேன்” என்றாள்.

அவர் சிரித்தபடி தலையாட்டிவிட்டு பிளேடைக் கழற்றினார். நான் அவள் எழுந்திருக்கக் கை கொடுத்தேன். ‘வந்தால்’ என்பது இனி நடக்காது. நிபந்தனை பொய், ஆகையால் வாக்கியம் மெய். யார் வந்து கேட்டாலும், எத்தனை வருடம் போனாலும், அவள் சொன்னதை ஒருவராலும் பொய்யாக்க முடியாது.